க்ளூடோ: மேசையைச் சுற்றி எத்தனை பேர்?

ஆட்டப் பெட்டியின் மேல் அச்சிட்டிருக்கும் எண்களில் எல்லோரும் நம்புவதும் யாரும் சோதிக்காததும் ஆட்டக்காரர் எண்ணிக்கைதான். துப்பறியும் பலகை ஆட்டங்களில் ஒன்றான க்ளூடோவின் பெட்டியில் நெடுங்காலம் ‘3 முதல் 6 பேர்’ என்று இருந்தது. அண்மைப் பதிப்புகள் சிலவற்றில் அது ‘2 முதல் 6’ ஆகியிருக்கிறது. எத்தனை பேர் உட்கார்ந்தாலும் ஆட்டம் ஒன்றுதான் என்ற எண்ணத்தை அந்த எண் தருகிறது. ஆனால் இருவர் ஆடும் க்ளூடோவுக்கும் அறுவர் ஆடும் க்ளூடோவுக்கும் பலகையும் காய்களும்தான் பொது. யாருக்கு என்ன தெரியும், எப்படித் தெரியவரும் என்பதெல்லாம் வேறு வேறு. அதனால்தான் வீட்டுக்கு வீடு ஆட்களுக்கேற்ப விதிகளை வளைக்கும் வழக்கம் வந்தது. அந்த வளைவுகளில் எது ஆட்டத்தைக் காப்பாற்றுகிறது, எது கெடுக்கிறது என்று எடைபோட வேண்டியிருக்கிறது.

இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் பர்மிங்காமில் வாழ்ந்த ஆன்தனி பிராட் உருவாக்கிய ஆட்டம் இது. போருக்கு முன் அவர் இசைக்கலைஞர். நாட்டுப்புற விடுதிகளில் வாசிக்கப் போனபோது, விருந்தினர்கள் பொழுதுபோக்காக ஆடிய கொலை மர்ம விளையாட்டுகளை அங்கே பார்த்திருந்தார். 1944இல் காப்புரிமைக்கு விண்ணப்பித்தார். 1947இல் அது கிடைத்தது. பலகையை வரைந்தவர் அவருடைய மனைவி எல்வா. லீட்ஸ் நகரின் வாடிங்டன்ஸ் நிறுவனம் 1949இல் ஆட்டத்தைச் சந்தைக்குக் கொண்டுவந்தது. அமெரிக்காவில் பார்க்கர் பிரதர்ஸ் அதையே ‘க்ளூ’ என்ற பெயரில் விற்றது. பிராட்டின் முதல் வடிவத்தில் பத்துப் பாத்திரங்கள் இருந்தன; கோடரி, வெடிகுண்டு, ஊசி, விஷம் என்று ஆயுதப் பட்டியலும் நீளம். வெளியீட்டாளர் கையில் அது சுருங்கி, 6 சந்தேக நபர்கள், 6 ஆயுதங்கள், 9 அறைகள் என்று நின்றது.

மொத்தம் 21 சீட்டுகள். வகைக்கு ஒன்றாக மூன்றை யாரும் பார்க்காமல் உறையில் போட்டுவிட்டு, மிச்சம் 18ஐக் கலைத்துப் பங்கு போடுவார்கள். உறைக்குள் இருக்கக்கூடிய கூட்டணிகள் 6×6×9, அதாவது 324. தன் முறை வரும்போது ஆட்டக்காரர் ஓர் அறைக்குள் நுழைந்து, ‘கர்னல் மஸ்டர்ட், கயிறு, நூலகம்’ என்பதுபோல மூன்றைச் சொல்லிக் கேட்பார். அவற்றில் ஒன்றாவது கையில் இருந்தால் இடப்பக்கத்தார் அதைக் கேட்டவருக்கு மட்டும் இரகசியமாகக் காட்ட வேண்டும். இல்லையென்றால் ‘இல்லை’ என்று சொல்ல, கேள்வி அடுத்தவருக்குப் போகும்.

இந்த ‘கேட்டவருக்கு மட்டும்’ என்பதில்தான் ஆட்டத்தின் உயிர் இருக்கிறது. சீட்டைப் பார்த்தவருக்கு ஒரு தகவல் கிடைத்துவிட்டது. அதில் அறிவுக்கு வேலை கொஞ்சம்தான். சும்மா உட்கார்ந்திருக்கும் மூன்றாமவருக்குத்தான் புதிர். காட்டியவர் கையில் மஸ்டர்ட், கயிறு, நூலகம் மூன்றில் ஒன்றாவது இருக்கிறது என்று மட்டும் அவருக்குத் தெரியும். இரண்டு சுற்றுக்குப் பிறகு கயிறும் நூலகமும் வேறு கைகளில் இருப்பதாகத் தெரிந்தால், அன்று காட்டியது மஸ்டர்ட்தான் என்று பார்க்காமலேயே சொல்லிவிடலாம். எந்த எண்ணிக்கையையும் எந்த வீட்டு விதியையும் அளக்க இதுவே உரைகல்: மூன்றாமவருக்கு அங்கே வேலை இருக்கிறதா?

இரண்டு பேர் ஆடும்போது மூன்றாமவரே கிடையாது. ஆளுக்கு 9 சீட்டு. எதிராளி ‘இல்லை’ என்றால், கேட்ட மூன்றில் என் கையில் இல்லாதது எதுவோ அது உறையில் இருக்கிறது, சந்தேகத்துக்கே இடமில்லை. கையில் வகைக்கு மூன்றாகச் சீட்டு வந்திருந்தால், முதல் கேள்விக்கு முன்பே 324 கூட்டணிகள் 54 ஆகச் சுருங்கிவிடுகின்றன. தன்னிடமுள்ள இரண்டு சீட்டோடு தெரியாத ஒன்றைச் சேர்த்துக் கேட்டால் நேரடியாக ஆம் அல்லது இல்லை என்று பதில் வந்துவிடும். பிறகு யார் முதலில் அறைக்குள் நுழைகிறார் என்ற பகடைப் பந்தயம்தான் மிச்சம்.

இருவர் ஆட்டம் என்றாலே சுவையற்றது என்பதல்ல. 1970களில் புகழ்பெற்ற மாஸ்டர்மைண்ட் இருவருக்காகவே பிறந்தது: ஒருவர் வண்ணக் குறிகளை ஒளித்து வைப்பார், மற்றவர் தேடுவார். நான்கு இடம், ஆறு வண்ணம் கொண்ட அந்தப் புதிரை ஐந்து முயற்சிக்குள் எப்போதும் முடிக்கலாம் என்று கணினி அறிஞர் டொனால்ட் குனுத் 1977இல் காட்டினார். அங்கே ஒவ்வொரு விடையும் பல பொருள் கொண்டது. எந்தக் குறி சரி என்று சொல்லாமல் எத்தனை சரி என்று மட்டும் சொல்லும். க்ளூடோவின் விடையோ ஒரே சீட்டு, ஒரே பொருள். அதைச் சிக்கலாக்கும் மூன்றாவது காதும் கண்ணும் போய்விட்டால் புதிர் வற்றிவிடுகிறது.

இதற்கு மாற்றாக, ஆளில்லாத ஒரு கையைப் போடும் வழக்கம் இருக்கிறது. 18 சீட்டுகளை ஆறாறாகப் பிரித்து, மூன்றாவது பங்கைக் கவிழ்த்து வைத்துவிடுவார்கள். இப்போது எதிராளியின் ‘இல்லை’க்கு இரண்டு பொருள்: சீட்டு உறையிலும் இருக்கலாம், ஆளில்லாத கையிலும் இருக்கலாம். ஐயம் திரும்பிவிடுகிறது. ஆனால் அந்தக் கை தானாகப் பதில் சொல்லாது. ஒவ்வொரு முறையும் அதிலிருந்து ஒன்றை எடுத்துப் பார்க்கலாம் என்று விதி செய்தால், கேள்வி எவ்வளவு கூர்மையானது என்பதைவிட எந்தச் சீட்டு கைக்கு வந்தது என்பதே முடிவைத் தீர்மானிக்கும். இருவர் மட்டும் இருக்கும் மாலைக்கு இது போதும். மூவர் ஆட்டத்துக்கு ஈடாகாது.

மூவர் ஆட்டத்தில் எல்லாம் சமம். ஆளுக்கு 6 சீட்டு, வகைக்கு இரண்டாக வந்தால் தொடக்கத்தில் 112 கூட்டணிகள். ஒவ்வொரு கேள்வியிலும் கேட்பவர் ஒருவர், காட்டுபவர் ஒருவர், ஊகிப்பவர் ஒருவர். யாரும் சும்மா இல்லை. குறை என்னவென்றால் ஒளிந்துகொள்ள இடம் கம்மி. இடப்பக்கத்தாரிடம் இல்லை என்று ஆனவுடன், சீட்டு வலப்பக்கத்தார் கையில் இருக்கிறது அல்லது உறையில் இருக்கிறது என்று வழி இரண்டாகிவிடுகிறது. கவனமாகக் குறிப்பெடுக்கும் மூவர் உட்கார்ந்தால் மூவருமே ஏறத்தாழ ஒரே நேரத்தில் விடையை நெருங்குவார்கள்; அப்போது யாருடைய முறை முதலில் வருகிறது என்பது பெரிதாகிவிடும்.

நான்கிலும் ஐந்திலும்தான் கணக்கு இடறுகிறது. 18ஐ நாலாகப் பிரித்தால் 5, 5, 4, 4. ஐந்தாகப் பிரித்தால் 4, 4, 4, 3, 3. ஐந்து சீட்டு வைத்திருப்பவர், இரண்டு நபர், ஓர் ஆயுதம், இரண்டு அறை என்று பெற்றால் 140 கூட்டணிகளோடு தொடங்குவார். நான்கு சீட்டுக்காரர், ஒரு நபர், ஓர் ஆயுதம், இரண்டு அறை என்று பெற்றால் 175. ஆட்டம் தொடங்குமுன்பே ஒரு சீட்டின் அளவுக்கு முன்னிலை. போடுபவரின் இடப்பக்கத்திலிருந்து சீட்டு விழுவதால், அந்த முன்னிலை எப்போதும் அதே இருக்கைகளுக்குப் போகும். எதிர்வாதமும் உண்டு: அதிகச் சீட்டு வைத்திருப்பவர் அடிக்கடி காட்ட நேரிடும், மற்றவர்கள் அவரைப் பற்றி அதிகம் அறிவார்கள். ஆனால் காட்டுவதால் வரும் இழப்பு எல்லோருக்கும் பரவி மெல்ல வருகிறது. தெரிந்திருப்பதால் வரும் லாபம் முதல் நொடியிலேயே ஒருவருக்கு மட்டும் கிடைக்கிறது. இரண்டும் ஈடாவதில்லை.

பல வீடுகளில் இதற்கு வைத்திருக்கும் மருந்து எளியது: சமமாகப் பிரித்த பிறகு மிஞ்சும் சீட்டுகளை எல்லோரும் பார்க்கும்படி மேசையில் விரித்துவிடுவது. சிட் சாக்சனின் ‘ஸ்லூத்’ ஆட்டத்தில் இது விதியாகவே இருக்கிறது. 36 இரத்தினச் சீட்டுகளில் ஒன்றை மறைத்து, மிச்சம் 35ஐச் சமமாகப் பங்கிட்டு, பிரியாததைத் திறந்து வைத்துவிட வேண்டும். க்ளூடோவில் இதைச் செய்து பார்த்தால் அழகான ஓர் ஒழுங்கு தெரிகிறது. நால்வர் என்றால் கையில் 4, மேசையில் 2. ஐவர் என்றால் கையில் 3, மேசையில் 3. மூவர் என்றால் கையில் 6, மேசையில் ஒன்றுமில்லை. மூன்றிலும் ஒவ்வொருவருக்கும் தொடக்கத்தில் தெரிந்தது ஆறு சீட்டு. பிறர் கைகளில் மறைந்திருப்பது பன்னிரண்டு. அந்தப் பன்னிரண்டு இரண்டு பேரிடம் இருக்கிறதா, மூவரிடமா, நால்வரிடமா என்பது மட்டும்தான் மாறுகிறது. நியாயமும் கிடைக்கிறது, மூன்றாமவரின் வேலையும் ஆளுக்கு ஆள் கூடுகிறது.

குறையில்லாமல் இல்லை. கேள்விக்குள் தன் கைச்சீட்டை ஒளித்து வைத்துக் கேட்பது க்ளூடோவின் பழைய தந்திரம். மற்றவர்கள் அது தெரியாமல் குழம்புவார்கள். மேசையில் விரிந்த சீட்டை வைத்து அப்படிக் குழப்ப முடியாது. விரிந்த இரண்டோடு தெரியாத ஒன்றைக் கேட்டால், காட்டப்பட்டது எது என்று மேசை முழுவதற்கும் தெரிந்துவிடும். ஐவர் ஆட்டத்தில் பொய் சொல்ல ஆளுக்கு மூன்று சீட்டுதான் மிஞ்சும். துப்பறிதலைவிட ஏமாற்றுவதை விரும்பும் குழுவுக்கு இந்த விதி சப்பென்றிருக்கும்.

அறுவர் ஆட்டத்தைப் பற்றி இரண்டு கட்சிகள். மெதுவாக நகர்கிறது, முறை வருவதற்குள் தூக்கம் வருகிறது என்பது ஒரு கட்சி. ஆளுக்கு 3 சீட்டுதான், வகைக்கு ஒன்றாக வந்தால் 200 கூட்டணிகளிலிருந்து தொடங்க வேண்டும், இருட்டு அதிகம் என்பதும் அதே கட்சியின் புகார். ஆனால் இருட்டு வேகமாக விலகுகிறது என்பதை அவர்கள் கவனிப்பதில்லை. ஒவ்வொரு ‘இல்லை’யும் அந்தக் கையில் மூன்று சீட்டுகள் கிடையாது என்று எல்லோருக்கும் பறைசாற்றுகிறது. ஒரு கேள்விக்கு ஐந்து பேரும் இல்லை என்றால் பதினைந்து உறுதியான தகவல்கள். மூவர் ஆட்டத்தில் இதன் உச்சம் ஆறுதான். ஆகவே ஆறு பேர் மேசையில் காத்திருப்பு வெறும் காத்திருப்பு அல்ல. எழுதுபவருக்கு அதுதான் ஆட்டமே.

சிக்கல் எழுதாதவரிடம் இருக்கிறது. பெட்டியோடு வரும் குறிப்புத்தாளைத் தான் பார்த்த சீட்டுகளை அடிக்க மட்டும் பயன்படுத்தும் சிறுவருக்கு, பிறர் முறைகள் ஐந்தும் வீண். அதே தாளில் ஆளுக்கு ஒரு பத்தி போட்டு, 21 வரிசைக்கு எதிரே யார் ‘இல்லை’ என்றார், யார் காட்டினார் என்று பதிபவருக்கு ஒரு நொடியும் வீணாகாது. ஆட்கள் கூடக் கூட இந்த இருவருக்கும் இடையிலான தூரமும் கூடுகிறது. அதோடு தவறின் ஆபத்தும்: கையில் சீட்டு இருந்தும் கவனிக்காமல் ‘இல்லை’ என்று ஒருவர் சொல்லிவிட்டால், மேசையில் உள்ள அத்தனை குறிப்பும் பாழ். அறுவரில் அந்த வாய்ப்பு மூவரைவிடப் பெரிது.

1988இல் வந்த ‘க்ளூ மாஸ்டர் டிடெக்டிவ்’ பத்துப் பேர் வரை இடம் கொடுத்தது. 10 நபர்கள், 8 ஆயுதங்கள், 12 அறைகள்: 960 கூட்டணிகள். 27 சீட்டுகளைப் பத்துப் பேருக்குப் பிரித்தால் ஏழு பேருக்கு மூன்று, மூவருக்கு இரண்டு. வீடு பெரிதானது, தன் முறை வர ஒன்பது பேரைக் கடக்க வேண்டும் என்ற சிக்கலும் பெரிதானது. பிறர் கையிலிருந்து ஒரு சீட்டை எட்டிப் பார்க்க அனுமதிக்கும் கட்டங்களைப் பலகையில் சேர்த்தது ஒரு சமாளிப்பு. அந்தக் கட்டத்தில் நிற்பவர் ஊகிப்பதில்லை, பார்க்கிறார்.

கூட்டம் பெரிதென்றால் அணி பிரிப்பது நல்ல வழி. எட்டுப் பேரை நான்கு இணைகளாக்கி, இணைக்கு ஒரு கை என்று வைத்தால் நால்வர் ஆட்டத்தின் அளவு காக்கப்படும். பெரியவரோடு ஒரு சிறுவரைச் சேர்த்தால் எழுதாதவர் பிரச்சினையும் தீர்கிறது. ஏன் அந்தச் சீட்டு என்று விளக்கும்போதே ஆட்டத்தின் தர்க்கம் கைமாறுகிறது. ஆனால் விளக்கத்தைக் கிசுகிசுப்பாகச் சொல்ல வேண்டும். நான்கு திசையிலும் கிசுகிசுத்தால் இரகசியம் கசியும். திறமைசாலி ஒருவரே முடிவெடுக்க, கூட இருப்பவர் பகடை உருட்டும் ஆளாகிவிடுவதும் நடக்கும். உறையில் இருப்பவை இவைதான் என்று தவறாகக் குற்றம் சாட்டியவர் கேள்வி கேட்கும் உரிமையை இழந்து, சீட்டு காட்ட மட்டும் மேசையில் இருக்க வேண்டும் என்பது மூல விதி. அணியில் ஒருவரின் அவசரத்துக்கு இருவர் தண்டனை அனுபவிப்பார்கள்.

குழந்தைகளுக்காகச் சீட்டை எல்லோருக்கும் காட்டிவிடும் வழக்கத்தையும் சொல்ல வேண்டும். ஆட்டம் விரைவாகும், அழுகை குறையும். ஆனால் எல்லோருடைய தாளும் ஏறத்தாழ ஒரேமாதிரி நிரம்பி, வெற்றியைப் பகடை தீர்மானிக்கும். முதல் ஒன்றிரண்டு ஆட்டத்துக்குப் பயிற்சியாக வைத்துக்கொண்டால் பயன் உண்டு. அதையே நிரந்தர விதியாக்கினால் குழந்தை ஆடுவது க்ளூடோ அல்ல.

எல்லாவற்றையும் கூட்டிக் கழித்தால், நால்வரும் ஐவருமே இந்த ஆட்டத்துக்குச் சரியான அளவு. ஆனால் மிஞ்சும் சீட்டுகளை விரித்து வைத்தால் மட்டுமே. மூவருக்கு விதி எதையும் தொட வேண்டியதில்லை. அறுவர் உட்காரும் முன் எல்லோரும் பத்தி போட்டு எழுதத் தயாரா என்று கேட்டுக்கொள்வது நல்லது. தயாரில்லை என்றால் மூன்று இணைகளாகப் பிரித்து, ஆளுக்கு ஆறு சீட்டு என்ற மூவர் ஆட்டமாக்கிவிடலாம். இருவர் என்றால் ஆளில்லாத கையோடு ஆடலாம், அல்லது மாஸ்டர்மைண்டை எடுக்கலாம். ஏழுக்கு மேல் இணைகள்தான். பெட்டியின் மேல் ஒரே எண்வரிசையை அச்சிடுவதற்குப் பதிலாக, இத்தனை பேருக்கு இந்த விதி என்று ஆறு வரிகளை விதித்தாளின் முதல் பக்கத்தில் போட்டால், வீடுகள் தாமாகவே கண்டுபிடித்த திருத்தங்களுக்கு அங்கீகாரமும் கிடைக்கும். புதிதாக வாங்குபவர் இருவராக ஆடிப் பார்த்து, இவ்வளவுதானா என்று பெட்டியை மூடி வைப்பதும் குறையும்.