மணி பார்க்க ஒரு படம்

கிறிஸ்டியன் மார்க்லேயின் ‘தி கிளாக்’ 24 மணி நேரம் ஓடுகிற படம். கதை கிடையாது, நாயகன் கடிகாரம்தான். ஆயிரக்கணக்கான பழைய படங்களிலிருந்து மணி தெரிகிற, மணி பேசப்படுகிற துணுக்குகளை எடுத்துக் கோத்திருக்கிறார். நீங்கள் கூடத்தில் உட்கார்ந்திருக்கையில் மணி 4.10 என்றால் திரையிலும் 4.10. நண்பகல் நெருங்கும்போது ‘ஹை நூன்’ படத்தின் கடிகாரம் வந்துவிடும்.

இதில் என்னைக் கட்டிப்போடுவது ஒலி. மார்க்லே இசைத்தட்டுகளைச் சுழற்றியும் உடைத்து ஒட்டியும் இசை செய்து பெயர் வாங்கியவர். அந்தக் காது இங்கேயும் வேலை செய்கிறது. ஒரு படத்தின் பின்னணி இசை, காட்சி மாறிய பிறகும் அடுத்த படத்துக்குள் நீள்கிறது. கறுப்பு வெள்ளையில் ஒருவர் கதவைத் திறந்தால், வண்ணத்தில் வேறொருவர் உள்ளே வருகிறார். ஒட்டுத் தெரியாத தையல்!

சுமார் மூன்றாண்டு உழைப்பு. 2010இல் லண்டனில் முதன்முதலாகக் காட்டினார்கள். 2011இல் வெனிஸ் பினாலே கலைக் கண்காட்சியில் தங்கச் சிங்கம் விருது கிடைத்தது.

முழுவதையும் பார்த்தே தீரவேண்டும் என்பதில்லை. எந்த ஊர் அருங்காட்சியகத்திலாவது எதிர்ப்பட்டால், ஒரு மணி நேரம் ஒதுக்குங்கள். நேரம் போவதே தெரியாத படங்கள் ஏராளம். நேரம் போவதை ரசிக்கவைப்பது இது ஒன்றுதான்.