டைரக்டர் எல். கிருஷ்ணன்: ஒரு மதிப்பீடு

மலாய்ப் படவுலகின் கதையைச் சொல்வோர் எல். கிருஷ்ணனை ஒரே வரியில் முடித்துவிடுவது வழக்கம்: பி. ரம்லியை முதன்முதலாகக் கதாநாயகனாக்கியவர் என்பதே அவ்வரி. உண்மைதான், 1950இல் வெளிவந்த 'பக்தி' படத்திலேதான் ரம்லி கதாநாயகன் ஆனார். ஆயினும் ஒரு கலைஞரை மற்றொருவர் புகழுக்கு முன்னுரையாக மட்டும் வைத்துப் பார்ப்பது நீதியாகாது. அவர் பணியைக் குணமும் குற்றமும் நாடி எடைபோடுவதே முறை.

அக்காலத்தில் சிங்கப்பூர் ஜாலான் அம்பாசில் ஷா சகோதரர்கள் நடத்திய படப்பிடிப்பு நிலையத்துக்கு டைரக்டர்கள் இந்தியாவிலிருந்தே வரவழைக்கப்பட்டார்கள். ராஜ்ஹான்ஸ், எஸ். ராமநாதன், பி. என். ராவ், பணி மஜும்தார் முதலியோர் அவ்வரிசையில் வருவர். தொழில் தெரிந்தவர்கள், ஆனால் அவர்களிற் பலருக்கு மலாய் தெரியாது. வசனத்தை உதவியாளர் மொழிபெயர்க்க, அதை நடிகர் பேசுவார். பேசிய சொல் மலாய்க்காரர் நெஞ்சில் தைக்குமா என்பதை டைரக்டர் ஊகித்துத்தான் அறியவேண்டும். கிருஷ்ணனின் நிலை வேறு. அவர் 1922இல் தமிழகத்தில் பிறந்து, சிறு வயதிலேயே மலாயாவுக்கு வந்து, இங்கேயே வளர்ந்தவர். மலாய் அவருக்குப் படப்பிடிப்பு நிலையத்தில் கேட்ட மொழியன்று. தெருவிலும் சந்தையிலும் பழகிய மொழி.

இந்த வேற்றுமையே அவருடைய சிறப்புக்கு அடிப்படை என்பது எம் கருத்து. 1948இல் 'சிந்தா' படத்தில் ரம்லி வில்லனாக நடித்தார். கதாநாயகனுக்குப் பின்னணியும் பாடினார். குரல் ஓரிடம், முகம் வேறிடம் என்று பிரிந்து கிடந்த ஒருவரை நாயகனாக நிறுத்த, அந்த மொழியின் ஓசையில் தோய்ந்த செவி வேண்டும். அது கிருஷ்ணனிடம் இருந்தது.

இனிக் குற்றம். அவருடைய படங்களின் பெயர்களைப் பாருங்கள்: இறைவன் விதித்த விதி, வாழ்க்கை, புன்னகைக்கும் கண்ணீருக்கும் இடையே! விதியும் கண்ணீரும் இடையிடையே பாட்டும் சென்னைப் படங்களின் முதலீடு. அதே சரக்கு பாஜு அணிந்து இங்கே வந்தது. இந்திய டைரக்டர்கள் மலாய் மக்களின் வாழ்வைக் காட்டாமல் இந்தியக் கதைக்கு மலாய் உடை உடுத்தினார்கள் என்ற குறை பலகாலமாகச் சொல்லப்படுகிறது. கிருஷ்ணன் அதற்கு முழு விலக்கல்லர். 1957இல் ராவின் 'பொந்தியானாக்' பேய்ப்படம் வசூலைக் குவிக்கவே, மறு ஆண்டே இவரும் 'ஓராங் மின்யாக்' எடுத்தார். அது படமுதலாளியின் காலம்.

எனினும், 1955இல் கேத்தே கிரிஸ் நிறுவனத்துக்காக அவர் எடுத்த 'செலாமாட் திங்கால் கெகாசிகூ'வை மறத்தலாகாது. மலாய் இளைஞனும் சீனப் பெண்ணும் காதலிக்கும் கதை அது. பல இனத்தார் அருகருகே வாழ்ந்தும் அறியாதவராய் இருந்த நாட்டில், விடுதலைக்கு இரண்டாண்டுகட்கு முன்னர் இதைத் திரையில் வைத்தது சிறிய செயலன்று. கண்ணீர் இதிலும் உண்டு. ஆனால் அந்தக் கண்ணீருக்குக் காரணம் இந்த மண்ணிலேயே இருந்தது.

அதே 1955இல் 'பெனாரெக் பெச்சா' மூலம் ரம்லியே டைரக்டரானார். மலாய்ப் படத்தை மலாய்க்காரரே இயக்கும் காலம் பிறந்தது. கிருஷ்ணன் பின்னர் கோலாலம்பூரில் படத்தயாரிப்பில் ஈடுபட்டார். 2023இல், நூறு வயதில் காலமானார்.

தமிழரான இவர் தமிழுக்கு என்ன செய்தார் என்று நம்மவர் சிலர் கேட்பதுண்டு. தோட்டப் பள்ளிகளில் தாய்மொழி நிலைக்கப் போராடிய நமக்கு அக்கேள்வி இயல்பானதே. ஆனால் 'பக்தி' என்னும் சொல்லையே நோக்குக. நமக்கு அது கடவுளிடம் வைக்கும் அன்பு; மலாயில் அது பிறர்க்குச் செய்யும் தொண்டு. தமிழை இழக்காமல் மலாயை நன்கு கற்ற ஒருவரால் அண்டை வீட்டாரின் கலைக்குத் தொண்டு செய்ய முடிந்தது. மலாய் மொழி வகுப்பைப் பரீட்சைக்காக மட்டும் படிக்கும் நம் பிள்ளைகளுக்கு, தமிழாசிரியர்கள் இவர் கதையை எடுத்துச் சொல்லலாம்.