பக்கவாத்தியக்காரரின் காது

“கோபமா இருக்கீங்களா?” என்று ஒருவரிடம் கேட்டுப் பாருங்கள். “அதெல்லாம் ஒண்ணுமில்ல” என்றுதான் பெரும்பாலும் பதில் வரும். அதே வாக்கியத்தின் கடைசியில் ஒட்டியிருக்கும் ‘ஆ’வை உதிர்த்துவிட்டு, குரலை மேலே தூக்காமல், “கோபமா இருக்கீங்க” என்று மட்டும் சொல்லிப் பாருங்கள். எதிரில் இருப்பவர் ஒரு கணம் நிமிர்ந்து பார்ப்பார். “பின்ன, இருக்காதா?” என்று தொடங்கி, நீங்கள் கேட்காததையும் சேர்த்துச் சொல்வார்.

ஒரு எழுத்துதான் வித்தியாசம். கேள்வி கேட்டால் அவர் கூண்டில் ஏறிய சாட்சி; பதில் சொல்லியே தீர வேண்டும், சொல்கிற பதிலைக் காத்துக்கொள்ளவும் வேண்டும். ‘ஆ’ இல்லாத வாக்கியத்துக்குப் பதில் சொல்லியாக வேண்டிய கட்டாயம் கிடையாது. ஒப்புக்கொள்ளலாம், திருத்தலாம், கேட்காததுபோல் விட்டுவிடலாம். உளச் சிகிச்சையாளர்கள் முரண்டு பிடிக்கிறவர்களோடு உட்காரும்போது செய்கிற வேலையில் பாதி இந்த ‘ஆ’வை எங்கே வைப்பது, எங்கே எடுப்பது என்பதில் அடங்கிவிடுகிறது. தமிழில் இது எழுத்திலேயே கண்ணுக்குத் தெரிவது எனக்குத் தனிச் சந்தோஷம்.

இதைக் கலை என்று சொல்லலாமா என்று கேட்பவர்கள் உண்டு. மூடிய கதவுக்குப் பின்னால் நடப்பதை யார் கேட்டு ரசிப்பது? அந்தக் கதவைப் பலருக்கும் கொஞ்சம் திறந்துவைத்தவர் உளவியலாளர் கார்ல் ரோஜர்ஸ். 1940களின் தொடக்கத்தில், ஒஹையோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் இருந்தபோது, சிகிச்சை உரையாடல்களை அவர் இசைத்தட்டுகளில் பதிவு செய்தார். ஒரு தட்டு சில நிமிடங்களில் நிரம்பிவிடும், மாற்ற வேண்டும். அப்படிப் பதிவான ஒருவரின் எட்டு அமர்வுகளையும், பெயரை மட்டும் மாற்றி, 1942இல் வந்த தன் புத்தகத்தில் சொல்லுக்குச் சொல் அச்சிட்டார். அதுவரை சிகிச்சையாளர்கள் பெரும்பாலும் தாங்கள் செய்ததைத் தங்கள் ஞாபகத்திலிருந்து எழுதினார்கள். பாடகரே தன் கச்சேரிக்கு விமர்சனமும் எழுதிக்கொண்டதுபோல.

பதிவுகளைக் கேட்கிற காது வந்த பிறகுதான் ஒன்று புரிய ஆரம்பித்தது. நோயாளி ‘எதிர்க்கிறார்’ என்று குறிப்பேட்டில் எழுதப்படும் இடத்துக்கு ஒரு வரி முன்னால் போய்க் கேட்டால், அங்கே பேசியிருப்பவர் சிகிச்சையாளர்.

இதைக் கண்ணாலேயே பார்க்க வேண்டுமென்றால் 1965இல் வெளியான ஒரு படம் இருக்கிறது. எவரெட் ஷோஸ்ட்ரம் எடுத்தது. குளோரியா என்ற ஒரே பெண், மூன்று பெரிய சிகிச்சையாளர்களோடு தனித்தனியாகப் பேசுகிறாள்: ரோஜர்ஸ், ஃபிரிட்ஸ் பெர்ல்ஸ், ஆல்பர்ட் எல்லிஸ். விவாகரத்தானவள். ஒன்பது வயது மகள் கேட்ட ஒரு நேரடிக் கேள்விக்குப் பொய் சொல்லிவிட்டாள், அது உறுத்துகிறது. ரோஜர்ஸிடம் அவள் பதிலைப் பிடுங்கப் பார்க்கிறாள். நீங்களே சொல்லிவிடுங்கள் என்று சுற்றிச் சுற்றி வருகிறாள். அவர் கொடுப்பதுமில்லை, மறுப்பதுமில்லை. சொல்லத்தான் ஆசை, ஆனால் அது அவளே காண வேண்டியது என்று பக்கத்திலேயே நிற்கிறார். அதே பெண் பெர்ல்ஸின் நாற்காலிக்கு எதிரே உட்கார்ந்ததும் வேறு ஆள். பயமாக இருக்கிறது என்று சிரித்துக்கொண்டே சொன்னவளை, சிரிப்பும் பயமும் சேராது, நீ போலி என்கிறார் அவர். அவள் கொதித்துப்போகிறாள். எல்லிஸ் மளமளவென்று பேசுகிறார். அவள் தலையாட்டுகிறாள், இடையில் நுழைய இடம் தேடுகிறாள். இந்தப் பெண் ‘ஒத்துழைக்காதவளா’ என்று கேட்டால், எந்த அறையில் என்று திருப்பிக் கேட்க வேண்டியிருக்கும்.

(பெர்ல்ஸை வெறுக்க முடியவில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். அந்த மோதலில் ஒரு உயிர் இருக்கிறது. அதை ரசிக்கிற நான் அவரிடம் போய் உட்காரமாட்டேன்.)

ரோஜர்ஸின் முறையைக் கேலி செய்வது சுலபம். சொன்னதையே திருப்பிச் சொல்வதற்கு ஒரு மனிதர் எதற்கு? 1966இல் ஜோசஃப் வைசன்பாம் எழுதிய ‘எலைசா’ என்ற கணினி நிரல் அதைத்தான் செய்து காட்டியது. நீங்கள் தட்டச்சு செய்ததைக் கேள்வியாக்கித் திருப்பித் தரும். ரோஜர்ஸ் வயதான காலத்திலும் இந்தக் கிளிப்பிள்ளைப் பட்டத்தால் நொந்தவர். நான் பிரதிபலிக்கவில்லை, சரியாகப் புரிந்துகொண்டேனா என்று எதிரில் இருப்பவரிடமே சோதித்துப் பார்க்கிறேன் என்று 1986இல்கூட எழுத வேண்டியிருந்தது.

அவர் எதைச் சொல்கிறார் என்பது எனக்கு ஆலாபனைக்கு வயலின் வாசிப்பவரைக் கேட்டுத்தான் விளங்கியது. பாடகர் ஒரு பிடியைப் பாடி நிறுத்துகிறார். வயலின் அதை முழுவதும் அப்படியே வாசித்தால் எதிரொலி. சபையில் கொட்டாவி வரும். பாடகர் இன்னும் போகாத இடத்துக்கு முந்திக்கொண்டு போனால் அத்துமீறல். பாடகரின் புருவம் சுருங்கும். தேர்ந்தவர் பிடியின் வால்பகுதியை மட்டும் தொட்டு, அது எந்த ஸ்வரத்தின்மேல் சாய்ந்துகொண்டிருக்கிறதோ அந்த ஸ்வரத்தில் கொஞ்சம் நின்று, வில்லை எடுத்துவிடுவார். பாடகருக்குத் தான் எங்கே இருக்கிறோம் என்பது அப்போதுதான் கேட்கும்.

ஒரு காட்சியைக் கற்பனை செய்துகொள்வோம். குடியை விட வைக்கும் மையம் ஒன்றில், மனைவி கையைப் பிடித்து அழைத்துவந்த ஒருவர். நாற்காலியின் நுனியில் உட்கார்ந்திருக்கிறார்.

“எனக்கு ஒண்ணும் இல்ல சார். இவதான் கூட்டியாந்தா. நான் என்ன ரோட்டுல விழுந்தா கிடக்கேன்?”

“ஆனா உங்க லிவர் ரிப்போர்ட் வேற மாதிரி சொல்லுதே?”

“எங்க தாத்தா சாகுறவரைக்கும் குடிச்சாரு சார். தொண்ணூறு வயசு.”

இந்த ஆட்டம் முடிந்தது. ஆலோசகர் ஒரு பக்கம் பேசினார், வந்தவருக்கு மறுபக்கத்தைப் பேசுவதைத் தவிர வழியில்லாமல் போயிற்று. இனி தாத்தாவின் வயது ஏறிக்கொண்டேதான் போகும். மறுபடி ஆரம்பிப்போம்.

“ரோட்டுல விழுந்தா கிடக்கேன்?”

“உங்களை ஒரு வார்த்தை கேக்காம இங்க கொண்டாந்து உக்கார வெச்சுட்டாங்க.”

“ஆமா சார். லீவு போட்டுட்டு வந்திருக்கேன்.”

“ஒருநாள் சம்பளம் போச்சு. வேலைய விட்டுக்கொடுக்காத ஆளு நீங்க.”

“ஒருநாள்கூட விட்டதில்ல.” கொஞ்சம் நின்று, “போன மாசம் ரெண்டு நாள் போகல. அது வேற விஷயம்.”

இந்த “அது வேற விஷயம்” இருக்கிறதே, அங்கேதான் ஒருவரின் தரம் தெரியும். அவசரக்காரர் “என்ன விஷயம்?” என்று பாய்வார், கதவு சாத்திக்கொள்ளும். நல்லவர் “ரெண்டு நாள்” என்பார். இரண்டே சொல், தாழ்ந்த குரல். அதன்பிறகு வில்லை எடுத்துவிடுவார்.

“குடிச்சாத்தான் சார் தூக்கமே வருது. காலையில எழுந்திருக்க முடியல. பாப்பா வந்து எழுப்பிச்சு… ஸ்கூல்ல கொண்டுவிடணும்னு.”

“குடிச்சாத்தான் ராத்திரி தூக்கம் வருது. பாப்பா எழுப்பினது மனசுல நிக்குது.”

கடைசி வரியில் ‘ஆனா’ இல்லாததைக் கவனியுங்கள். ‘ஆனா’ போட்டிருந்தால் முதல் பாதி செத்துப்போயிருக்கும், அவர் அதைக் காப்பாற்றக் கிளம்பியிருப்பார். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தாயிற்று. எதைக் கடைசியில் வைப்பது என்பதிலும் ஒரு கணக்கு உண்டு: கேட்பவர் கையில் எடுத்துக்கொள்வது பெரும்பாலும் கடைசியாக வைத்ததைத்தான். தூக்கத்தைப் பின்னால் வைத்திருந்தால் அடுத்த கால்மணி நேரம் தூக்கத்தைப் பற்றியே போயிருக்கும்.

இந்த நுணுக்கங்களை இலக்கணமாக எழுதியவர் வில்லியம் மில்லர். அமெரிக்காவில் நியூ மெக்சிகோ பல்கலைக்கழகத்தில் இருந்தவர். 1982இல் நார்வேயில், பெர்கன் நகரை அடுத்த ஒரு குடிநோய் மருத்துவமனைக்குப் போயிருந்தார். அங்கே இளம் உளவியலாளர்கள் தங்களுக்குச் சிக்கலான நோயாளிகளைப்போல் நடித்தார்கள், அவர் சிகிச்சையாளராக உட்கார்ந்தார். நடுநடுவே நிறுத்தினார்கள். ஏன் இந்தக் கேள்வி? அவர் நாலு விஷயம் சொன்னாரே, இதை மட்டும் ஏன் திருப்பிச் சொன்னீர்கள்? இப்போது மனதில் என்ன ஓடுகிறது? பதில் சொல்லப்போனபோதுதான் தான் ஏதோ ஒழுங்கைப் பின்பற்றுவதே மில்லருக்குத் தெரிந்தது. நல்ல சீடர்கள் இப்படித்தான் குருவுக்கே அவர் வித்தையைக் காட்டிக்கொடுப்பார்கள். 1983இல் அது கட்டுரையாயிற்று. வேல்ஸிலிருந்து ஸ்டீஃபன் ரோல்னிக் வந்து சேர, 1991இல் புத்தகமாயிற்று.

அன்றைய அமெரிக்காவில் குடிநோயாளி என்றாலே பொய் சொல்பவன், மறுப்பவன். முகத்துக்கு நேரே உடைத்தால்தான் வழிக்கு வருவான் என்ற எண்ணம் வேரோடியிருந்தது. உடைத்தால் என்ன ஆகிறது என்பதை மில்லரும் கூட்டாளிகளும் 1993இல் எண்ணியே பார்த்தார்கள். ஆலோசகர் எவ்வளவு மோதினாரோ அவ்வளவுக்கு அந்த நபர் ஓராண்டு கழித்தும் அதிகம் குடித்தார். அதற்கு முன்பே 1985இல், ஆரிகனில் ஜெரால்ட் பேட்டர்சனும் மரியன் ஃபோர்காட்சும் செய்துகாட்டியது இன்னும் அழகானது. பிள்ளை வளர்ப்பில் உதவி தேடி வந்த பெற்றோரிடம் சிகிச்சையாளர் கொஞ்சநேரம் கற்பிப்பதும் மோதுவதுமாக இருப்பார், பிறகு அதை நிறுத்துவார், மறுபடி தொடங்குவார். குழாயைத் திறந்து மூடுவதுபோல் எதிர்ப்பு வந்தது, நின்றது, மறுபடி வந்தது.

மில்லரும் ரோல்னிக்கும் தங்கள் புத்தகத்தின் 2013இல் வந்த மூன்றாம் பதிப்பில் ‘எதிர்ப்பு’ என்ற சொல்லையே கைவிட்டார்கள். அதை இரண்டாகப் பிரித்தார்கள். மாறாமல் இருப்பதற்கு ஒருவர் சொல்லும் நியாயங்கள் ஒன்று. அது இருமனசின் ஒரு பாதி, இயல்பானது. பேசுகிற இருவருக்கு நடுவே வரும் கரகரப்பு இன்னொன்று. இதற்கு அவர்கள் வைத்த பெயர் சங்கீதத்திலும் புழங்குவது. நம் பேச்சில் சொன்னால் சுருதி சேராமை. சுருதி சேரவில்லையென்றால் பாடுபவரை மட்டும் யாரும் குறை சொல்வதில்லை.

ஃபிராய்டிடம் இந்தக் காது இல்லையா என்றால், சில நாள் இருந்தது, சில நாள் இல்லை. ‘டோரா’ என்று அவர் பெயரிட்ட பதினெட்டு வயதுப் பெண்ணைத் தகப்பன் அழைத்துவந்து விட்டார். குடும்ப நண்பர் தன்னிடம் தகாதபடி நடந்துகொண்டார் என்று அவள் சொன்னதை வீட்டில் கற்பனை என்றார்கள், ஃபிராய்ட் நம்பினார். நம்பியவர் அடுத்தடுத்து விளக்கங்களை அடுக்கினார். அவள் ‘இல்லை’ என்றால் அதையும் ‘ஆம்’ என்றே எடுத்துக்கொண்டார். 1900 டிசம்பர் 31 அன்று அவள் விடைபெற்றுப் போனாள். முரண்டு பிடிப்பவர்கள் சில சமயம் சரியான இடத்தில்தான் பிடிக்கிறார்கள்.

மில்டன் எரிக்சன் என்ற சிகிச்சையாளர் வேறு ரகம். விஸ்கான்சினில் பண்ணையில் வளர்ந்த அவரே சொல்லும் கதை இது. பனிக்காலம். கன்றுக்குட்டி தண்ணீர் குடித்துவிட்டுக் கொட்டில் வாசலில் நான்கு காலையும் ஊன்றிக்கொண்டு நகர மறுக்கிறது. அப்பா கயிற்றைப் பிடித்து இழுக்கிறார், அசையவில்லை. பையன் சிரிக்கிறான். முடிந்தால் நீ இழு என்கிறார் அப்பா. அப்பா கயிற்றை இழுத்துக்கொண்டேயிருக்க, அவன் கொட்டிலுக்கு எதிர்த் திசையில் கன்றின் வாலைப் பிடித்து இழுக்கிறான். இரண்டு இழுப்பில் வலுக்குறைந்தது வால் பக்கந்தான். கன்று அதை எதிர்த்துக்கொண்டு, அவனையும் சேர்த்துக் கொட்டிலுக்குள் இழுத்துப் போய்விடுகிறது. பின்னாளில் மனநல மருத்துவமனையில், தன்னை ஏசு என்று சொல்லிக்கொண்ட ஒருவரிடம் போய், தச்சு வேலை தெரியுமாமே என்று கேட்டு, புத்தக அலமாரி செய்ய வைத்தார். கேட்டவுடன் கைதட்டத் தோன்றும். ஆனால் இரண்டாம் முறை கேட்கும்போது எனக்கு உற்சாகம் குறைந்துவிடுகிறது. மந்திரவாதியின் வித்தையில் எல்லாச் சாமர்த்தியமும் ஒருவர் கையில்தான். கன்றுக்குத் தான் ஏன் உள்ளே போனோம் என்று கடைசிவரை தெரியாது.

நம்மிடம் ‘ஆலோசகர்’ என்றொரு சொல் புழங்குகிறது. கேட்டதும் ஆலோசனை சொல்பவர் என்றுதான் தோன்றும். இந்தக் கலைக்காரர் நாக்கைக் கடித்துக்கொண்டு தவிர்க்கிற வேலை அதுதான். ‘ஆற்றுப்படுத்துநர்’ என்பது அன்றாடப் பேச்சில் அதிகம் புழங்காவிட்டாலும் அதில் வழியும் இருக்கிறது, தணிப்பும் இருக்கிறது. எனக்கு அது பிடிக்கும்.

திரும்பத் திரும்ப நான் போவது ரோஜர்ஸின் வேறொரு பதிவுக்கு. 1957இல் அவர் விஸ்கான்சின் பல்கலைக்கழகத்துக்கு மாறினார். அங்கே, மாநில மனநல மருத்துவமனையில் இருந்த, அநேகமாகப் பேசவே பேசாத ஓர் இளைஞரோடு அவர் இருந்த இரண்டு மணிநேரங்கள் அச்சில் இருக்கின்றன. பக்கங்களில் பேச்சைவிட அடைப்புக்குறிகள்தாம் கண்ணில் படுகின்றன: உள்ளே மௌனத்தின் நீளம், நிமிடமும் விநாடியுமாக. எதிர்ப்பு என்றால் இதைவிடப் பெரிய எதிர்ப்பு ஏது? ரோஜர்ஸ் கேள்விகளால் குடைவதில்லை. நெடுநேரம் கழித்து ஒரு வரி சொல்வார், பதில் வராவிட்டால் அந்த மௌனத்துக்குள்ளேயே உட்கார்ந்திருப்பார். தான் யாருக்கும் உதவாதவன் என்று அந்த இளைஞர் முனகுகிறார். ரோஜர்ஸ் அதை மறுப்பதில்லை, தேற்றுவதும் இல்லை. அப்படி யாரோ சொல்லியிருக்கிறார்கள், அது உள்ளே போய்த் தைத்திருக்கிறது என்று மெல்லத் தொட்டுப் பார்க்கிறார். எங்காவது போய்விட வேண்டும், தனக்கு என்ன ஆனாலும் தனக்குக் கவலையில்லை என்கிறார் இளைஞர்.

அந்த இடத்தில் ரோஜர்ஸ் பின்தொடர்வதை நிறுத்திவிடுகிறார். எனக்கு உங்கள்மேல் அக்கறை இருக்கிறது, உங்களுக்கு என்ன ஆகிறது என்பதில் எனக்குக் கவலை உண்டு என்கிறார். இத்தனை நேரமும் பாடகரின் பிடியையே தொட்டுக்கொண்டிருந்த வயலின், இங்கே தன் சொந்த ஸ்வரம் ஒன்றை வாசிக்கிறது. அடுத்து அச்சில் இன்னொரு அடைப்புக்குறி. அதற்குப் பிறகு அழுகை.