கொள்ளேகால் கோர்ட்டுக்குப் போட்ட பூட்டு

ஹனூர்ப் பக்கம் நிலத் தகராறு என்று போனால் அனுபவமுள்ள வக்கீல் முதலில் கேட்பது, "இது எந்த ஆக்டு நிலம்?" என்பதைத்தான். குத்தகை நிலமா, அரசாங்கம் பட்டியல் சாதிக் குடும்பத்துக்குக் கொடுத்த கிராண்ட் நிலமா, பஹணி என்னும் நிலப்பதிவேட்டில் பேர் மாறியதால் வந்த வழக்கா? பதிலைப் பொறுத்துக் கட்சிக்காரர் கொள்ளேகால் சிவில் கோர்ட்டுக்குப் போவார், அல்லது தாசில்தாரிடமோ உதவி ஆணையரிடமோ போவார். படி மாறி ஏறினால் வருஷங்கள் கரைந்துவிடும்.

ஹனூர் 1956 நவம்பர் 1 வரை கோயம்புத்தூர் மாவட்டத்துக் கொள்ளேகால் தாலுகாவில் இருந்தது. பிறகு மைசூர் மாவட்டம், 1997 முதல் சாமராஜநகர் மாவட்டம். ராஜ்யம் மாறி நிலச் சட்டங்களும் மாறின. மாறாதது 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 9ஆம் பிரிவு. வெளிப்படையாகவோ உட்பொருளாகவோ தடுக்கப்படாத எல்லா உரிமை வழக்கையும் சிவில் கோர்ட்டு விசாரிக்கலாம் என்கிறது அது. சண்டையெல்லாம் அந்தத் 'தடுக்கப்படாத' என்ற சொல்லில்தான்.

கர்நாடக நிலச்சீர்திருத்தச் சட்டத்தின் 132ஆம் பிரிவு இப்படியொரு தடை. அதைக் குறை சொல்வதற்கு முன் அது ஏன் வந்தது என்பதைப் பார்க்க வேண்டும். 1961இல் சட்டம் பிறந்தபோது குத்தகைத் தகராறுகள் முன்சீப் கோர்ட்டில் இருந்தன. குத்தகைக்காரன் கையில் சீட்டு இருக்காது, வாய்ப்பேச்சுக் குத்தகைதான். வாய்தாமேல் வாய்தா வாங்கி அவனை அலுக்க வைக்கும் வசதி நிலக்காரருக்கு இருந்தது. தேவராஜ் அர்ஸ் அரசு 1974 மார்ச் 1 முதல் குத்தகை நிலங்களை அரசின் கையில் கொண்டுவந்து, உழுபவனுக்கு உரிமை கொடுக்க நிலத் தீர்ப்பாயங்களை அமைத்தது. உதவி ஆணையர் தலைவர், அரசு நியமித்த உறுப்பினர்கள் நால்வர், அவர்களில் ஒருவராவது பட்டியல் சாதி அல்லது பழங்குடியைச் சேர்ந்தவர். உரிமை கேட்கும் ஏழாம் நம்பர் பாரத்தை எழுதிக் கொடுத்தவன், தான் உழுததை ஊரறியச் சொல்லி நிலத்தைப் பெற முடிந்தது. சிவில் கோர்ட்டு வாசல் திறந்தே கிடந்திருந்தால் தீர்ப்பாயத்தின் ஒவ்வொரு உத்தரவுக்கும் ஒரு தடையாணை வந்து விழுந்திருக்கும். இங்கே பூட்டு ஏழையின் பக்கம் நின்றது.

1978ஆம் ஆண்டுப் பட்டியல் சாதி, பழங்குடி நிலமாற்றத் தடைச் சட்டத்திலும் அதே நியாயம். அரசு கொடுத்த நிலத்தைக் கடனுக்கோ வயிற்றுக்கோ சட்டத்தை மீறி விற்றுவிட்டவர் உதவி ஆணையரிடம் மனுக் கொடுத்து மீட்கலாம். அந்த நடவடிக்கைக்கு எந்தக் கோர்ட்டும் தடையாணை தரக் கூடாது. பணமுள்ளவன் வாங்கிப் போட்ட நிலத்தை மீட்க விற்றவருக்கு இந்த ஒரு வரிதான் பலம். ஆனால் மனு எத்தனை வருஷம் கழித்தும் வரலாமா? நியாயமான காலத்துக்குள் வர வேண்டும் என்று 2017இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. கால வரம்பே இல்லை என்று 2023இல் மாநிலம் திருத்தம் கொண்டுவந்தது. இந்த இழுபறியில் சிவில் கோர்ட்டுக்கு இடமே இல்லை.

இனிக் கோளாறு. தீர்ப்பாயத்தின் உத்தரவே இறுதி என்று எழுதியவர்கள், மேல்முறையீட்டுக்கு இடம் வைக்கவில்லை. வக்கீல் வரக் கூடாது என்றும் எழுதினார்கள்; அது செல்லாது என்று உச்ச நீதிமன்றம் 1987இல் சொன்னது. மேல்முறையீடு இல்லாததால் தோற்றவர்கள் எல்லாரும் ரிட் மனுவோடு பெங்களூர் உயர் நீதிமன்றத்துக்கு ஓடினார்கள். 1986இல் ஒரு மேல்முறையீட்டு அமைப்பை ஏற்படுத்தினார்கள். 1990இல் அதையும் கலைத்தார்கள். மறுபடி பெங்களூர். ஹனூரிலிருந்து கொள்ளேகாலுக்குப் பஸ்ஸில் ஒரு மணி நேரம்கூட ஆகாது. பக்கத்துக் கோர்ட்டைப் பூட்டிவிட்டு, எளியவனைத் தலைநகரக் கோர்ட்டின் செலவுக்கு அனுப்புவதற்கு விரைவு நீதி என்று பெயர் வைத்தால் எப்படி? உயர் நீதிமன்றத்தின் ரிட் அதிகாரத்தை எந்தச் சட்டமும் பறிக்க முடியாதென்று 1997இல் சந்திரகுமார் வழக்கில் முடிவானது. ஆக இந்தப் பூட்டு கோர்ட்டை ஒழிப்பதில்லை, தூரத்துக்குத் தள்ளிவைக்கிறது. ரிட்டில் சாட்சியைக் கூண்டில் ஏற்றிக் குறுக்கு விசாரணை செய்வதும் வழக்கமில்லை.

இன்னொரு கோளாறு 133ஆம் பிரிவு. சிவில் வழக்கில் எதிராளி "நான் குத்தகைக்காரன்" என்று எழுதிக் கொடுத்தால், கோர்ட்டு வழக்கை நிறுத்தி அந்தக் கேள்வியைத் தீர்ப்பாயத்துக்கு அனுப்ப வேண்டும். உண்மைக் குத்தகைக்காரனைக் காக்க எழுதியது, காலம் கடத்த நினைப்பவனுக்கும் கைகொடுக்கிறது. குத்தகை அண்ணனுடைய பேரில் மட்டுமா, கூட்டுக் குடும்பத்துக்கா என்பதையும் தீர்ப்பாயமே தீர்மானிக்கும் என்று 1994இல் உச்ச நீதிமன்றம் கூறியது. அண்ணன் தம்பிப் பாகத்தகராறின் வேரை ஒரு வருவாய் அதிகாரி தலைமையிலான குழுவிடம் விடுவது எனக்கு இன்றும் ஒப்பவில்லை.

சிவில் கோர்ட்டுக்கும் தீர்ப்பாயத்துக்கும் நடுவே எங்கே கோடு கிழிப்பது? பழைய விடை நம் பக்கத்திலிருந்தே வந்தது. சென்னை மாகாணத்துப் பாக்கு இறக்குமதி வரி வழக்கொன்று லண்டன் பிரிவி கவுன்சில் வரை போயிற்று. 'மாஸ்க் கம்பெனி' வழக்கு என்பார்கள். சிவில் கோர்ட்டின் அதிகாரம் போய்விட்டதென்று எளிதில் ஊகிக்கக் கூடாது. போனாலும், சட்டத்தின் விதிகளை மீறிய இடத்திலும் நீதிவிசாரணையின் அடிப்படை நெறியைக் கைவிட்ட இடத்திலும் கோர்ட்டு நுழையலாம் என்று 1940இல் தீர்ப்பானது. உஜ்ஜயினிப் புகையிலை வியாபாரிகளின் துலாபாய் வழக்கில் 1968இல் தலைமை நீதிபதி இதாயத்துல்லா இதை ஏழு விதிகளாக விரித்தார். அவற்றில் நான் முக்கியமாகக் கருதுவது ஒன்று: சிவில் கோர்ட்டு தரக்கூடிய நிவாரணத்தை அந்தச் சட்டமே போதுமான அளவு தருகிறதா என்று பார்க்க வேண்டும். புதிதாகப் பிறந்த உரிமைக்குப் புதிய வாசல் போதும். தாத்தா காலத்து உரிமைக்கு அது போதாது.

1964ஆம் ஆண்டு நில வருவாய்ச் சட்டத்தின் 135ஆம் பிரிவு இதைச் சரியாகப் பிடித்திருக்கிறது. பஹணியில் பேர் ஏற்றச் சொல்லி அரசு மீது வழக்குப் போட முடியாது. ஆனால் அந்தப் பதிவால் உன் உரிமைக்குப் பங்கமென்றால் சிவில் கோர்ட்டில் உரிமைப் பிரகடனம் கேள். தீர்ப்புப்படி பதிவு திருத்தப்படும். பதிவு அதிகாரிக்கு, பாத்தியதை கோர்ட்டுக்கு. தீர்ப்பாயச் சட்டமும் இப்படி எழுதப்பட்டிருக்கலாம்.

ஏற்கெனவே உள்ள சட்டத்தை வைத்தே செய்யக்கூடியது ஒன்றும் இருக்கிறது. தடை உண்டா இல்லையா என்பதை முதல் எழுவினாவாக எடுத்து முடிவுசெய்ய நடைமுறைச் சட்டத்தின் 14ஆம் கட்டளை இடம் தருகிறது. சாட்சியெல்லாம் முடிந்து, கட்சிக்காரரின் தலை நரைத்த பிறகு "இது எங்கள் அதிகாரத்தில் இல்லை" என்று சொல்லும் கோர்ட்டுகள் அதை முதல் ஆண்டிலேயே சொல்லிவிடட்டும்.