பளியர் பேச்சும் தமிழ்ப் பெருமிதமும்

மலைமக்கள் வாயில் சங்கத் தமிழ் இன்னும் உயிரோடு இருக்கிறது என்று சொல்வது இப்போது வழக்கமாகிவிட்டது. பட்டிமன்றம், காணொளி, கல்லூரிக் கருத்தரங்கு என எங்கே பழங்குடிகளைப் பற்றிப் பேச்சு வந்தாலும் இந்தக் கருத்து தவறாமல் வந்து நிற்கிறது. பழனி மலையின் பளியர், நீலகிரியின் இருளர், கோத்தர் எல்லோரும் ஈராயிரம் ஆண்டுப் பழைய தமிழைக் காட்டுக்குள் பொத்திவைத்திருக்கும் காவலர்களாக ஆகிவிடுகிறார்கள். சொல்பவர்களின் அன்பைச் சந்தேகிக்க வேண்டியதில்லை. கருத்துதான் தவறு. தவறு என்பதோடு, இந்த மக்களின் பேச்சைப் பதிவுசெய்ய வேண்டிய வேலையை அது ஆண்டுக்கணக்கில் தள்ளிப்போடவும் செய்கிறது. எல்லாம் நம் தமிழ்தான் என்றால், தனியாகக் கேட்டு எழுதிக்கொள்ள என்ன இருக்கிறது?

திராவிட மொழிகள் தனிக் குடும்பம் என்று எல்லிஸ் 1816இல் காட்டியதும், கால்டுவெல் 1856இல் ஒப்பிலக்கணம் எழுதித் தோடர் மொழியையும் கோத்தர் மொழியையும் அந்தக் குடும்பத்தில் சேர்த்ததும் வாசகர்களுக்குத் தெரிந்த கதை. பழனி மலைக்கு அந்த வெளிச்சம் வரவில்லை. 1821இல் லெப்டினன்ட் வார்டு மலையேறி நிலத்தை அளந்தார். நெல்சனின் மதுரை நாட்டு வரலாறும் (1868) பிரான்சிஸின் மாவட்டக் கையேடும் (1906) குன்னுவர், புலையர், பளியர் என்று சாதிகளை வரிசைப்படுத்தின. தர்ஸ்டனும் ரங்காச்சாரியும் தென்னிந்தியச் சாதிகள், பழங்குடிகள் பற்றி 1909இல் வெளியிட்ட ஏழு தொகுதிகளில் பளியருக்கும் ஓர் இடம் கிடைத்தது. கிரியர்சனின் மாபெரும் மொழிக் கணக்கெடுப்போ சென்னை மாகாணத்தைத் தன் கள எல்லைக்கு வெளியிலேயே விட்டுவிட்டது. அதனால் நாட்டின் பல பகுதிகளிலும் கிளைமொழி மாதிரிகள் திரட்டப்பட்ட காலத்தில், கொடைக்கானல் சரிவுகளிலிருந்து ஒரு பக்கம்கூடச் சேரவில்லை.

கொடைக்கானலில் கற்றவர்களுக்குப் பஞ்சமில்லை. செண்பகனூரில் சேசு சபையினரின் கல்லூரி இருந்தது, அருங்காட்சியகம் இருந்தது. தாமென் அடிகளார் 1908இல் ஆந்த்ரோபோஸ் இதழில் பளியர் பற்றி ஒரு கட்டுரை எழுதினார். இன்றும் அதிலிருந்துதான் தொடங்க வேண்டியிருக்கிறது. ஆங்கிலேட் அடிகளாரும் நியூட்டனும் மலையெங்கும் கிடந்த கற்திட்டைகளை அளந்து, வரைந்து, 1928இல் தொல்லியல் துறை வெளியீடாகத் தந்தார்கள். மேத்யூ அடிகளாரின் பழனி மலைத் தாவர நூல் 1999இல் வந்தது. பொறுமையின் உச்சம் அது. கல்லுக்கும் செடிக்கும் கிடைத்த இந்த அருமையான உழைப்பில் கால்வாசி மனிதர்களின் பேச்சுக்குக் கிடைத்திருந்தால் இந்தக் கட்டுரைக்கே தேவை இருந்திருக்காது.

அந்த உழைப்பு நீலகிரியில் நடந்தது. 1930களின் நடுவில் அங்கே வந்த மொழியியலாளர் எமனோ தங்கித் தோடரிடமும் கோத்தரிடமும் கேட்டு எழுதினார். 1944 முதல் 1946 வரை வெளிவந்த கோத்தர் கதைத்தொகுதி அதன் முதல் பெரிய விளைச்சல். நூலின் அட்டையில் எமனோ பெயர் இருக்கிறது. கதைகள் சுள்ளி என்ற கோத்தர் பள்ளி ஆசிரியருடையவை. தன் மக்களின் பழைய கட்டுப்பாடுகளை எதிர்த்து முடியை வெட்டிக்கொண்ட சீர்திருத்தக்காரர் அவர். மரபுக் கதைகளையும் தன் வாழ்க்கையையும் ஒரே மூச்சில் சொல்லத் தெரிந்தவர். மானிடவியலாளர் மேண்டல்பாம் அவரைப் பற்றித் தனிக் கட்டுரையே எழுதினார். தமிழில் மொழியியல் வரலாறு எழுதியவர்கள் சுள்ளியின் பெயரை ஒரு அடிக்குறிப்புக்குமேல் மதித்ததில்லை. திராவிட மொழியியலின் ஆகச்சிறந்த கள நூல்களில் ஒன்று அவர் நாவிலிருந்து வந்தது.

சங்கத் தமிழ் உறைந்திருக்கிறது என்ற கருத்தைக் கவிழ்ப்பதும் அந்தக் கோத்த மொழிதான். சங்கப் பாடல்களிலேயே காதுக்குச் செவி என்ற சொல் உண்டு. கன்னடத்தில் அது கிவி. கோத்தர் கெவ் என்கிறார்கள். இகர எகரங்களுக்கு முன்னால் வந்த பழைய ககரம் தமிழில் சகரமாயிற்று. கோத்தர் பேச்சில் ஆகவில்லை. நம் ஏடுகளில் மிகப் பழையதிலேயே சகரம் வந்துவிட்டதால், கோத்தரின் முன்னோர் அதற்கு முன்பே தனிவழி பிரிந்திருக்க வேண்டும் என்பது எமனோ கண்ட முடிவு. அவர்கள் மொழி சங்கத் தமிழின் மிச்சம் அல்ல. சங்கத் தமிழுக்கு அது உடன்பிறப்பு. பிரிந்த நாள் முதல் அதுவும் தன் போக்கில் மாறிக்கொண்டே வந்திருக்கிறது. தோடர் மொழியின் ஒலிகளைக் கேட்டவர்களுக்கு இது உடனே விளங்கும். ர, ற போன்ற உருட்டொலிகளில் மூன்றை அது வேறுபடுத்துகிறது. அவற்றை அளக்க ஒலியியலாளர்களான பெரி பாஸ்கரராவும் லேடிஃபோகெடும் மலைக்கே கருவிகளைக் கொண்டுபோனார்கள். தமிழில் எந்தக் காலத்திலும் இல்லாத ஒலிக்கோலம் அது.

இருளர் பேசும் இருளம் தமிழுக்கு இன்னும் நெருக்கமான உறவு. அதைத் தமிழின் சிதைந்த வழக்கு என்றே நெடுங்காலம் தள்ளினார்கள். மொழியியலாளர் டிஃப்ளோத் 1968இல் முனைவர் ஆய்வாக அதன் இலக்கணத்தைத் தந்தார். கமில் சுவலபில் 1973, 1979, 1982 ஆகிய ஆண்டுகளில் மூன்று பாகங்களாக மொழியையும் கதை, பாட்டையும் வெளியிட்டு, இருளம் தனிமொழி என்று நிறுவினார். அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் மொழியியல் உயராய்வு மையம் அதே காலத்தில் சக்திவேலின் தோடர் மொழி ஒலியியலையும் (1976) பெரியாழ்வாரின் இருள ஒலியியலையும் (1978) அச்சிட்டது. அந்தச் சிதம்பர வெளியீடுகள் தமிழகம் மறந்துவிட்ட பெருமைகளில் ஒன்று. ஒரு தமிழகப் பல்கலைக்கழகம், தன் சொந்த ஆசிரியர்களை மலைக்கு அனுப்பி, மக்கள் தொகையில் மிகச் சிறுபான்மையாக இருப்பவர்களின் பேச்சுக்கு இலக்கணம் எழுதவைத்த காலம் அது.

பழனி மலைக்கு அப்படி ஒரு காலம் வாய்க்கவில்லை. தோடர் மொழி கேட்டவுடன் வேற்றாக ஒலிக்கிறது. ஆய்வாளருக்கு ஆசை வருகிறது. பளியர் பேச்சோ தமிழ் தெரிந்தவருக்குப் பாதிக்குமேல் புரிந்துவிடுகிறது. புரிந்துவிடுவதே அதற்குப் பகையாயிற்று.

பளியரிடம் நீண்ட காலம் இருந்த வெளிநாட்டு அறிஞர் பீட்டர் கார்ட்னர். 1962 முதல் 1964 வரை களத்தில் இருந்த அவர், 1966 கட்டுரையில் பளியர் எப்போதும் குறைவாகவே பேசுகிறவர்கள், நாற்பது வயதுக்குள் ஏறக்குறைய மௌனமாகிவிடுகிறவர்கள் என்று எழுதினார். பேச்சின் இனவரைவியலை வகுத்த டெல் ஹைம்ஸ் அதை எடுத்தாண்டார். உலகப் பாடநூல்களில் பளியருக்குக் கிடைத்த புகழ் இந்த ஒரு வரிதான்: பேசாதவர்கள். ஒரு மக்களின் மொழி பதிவாகும் முன்பே அவர்களின் மௌனம் பதிவாகிவிட்டது. இதைவிடக் கொடுமையான வரிசை மாற்றம் வேறில்லை.

கார்ட்னரை மட்டும் குறை சொல்வது நியாயமாகாது. அந்த மௌனத்துக்கு அவர் தந்த விளக்கம் கூர்மையானது. ஒருவர் மேல் ஒருவர் ஆதிக்கம் செலுத்தாத, போட்டியை வெறுக்கிற, சண்டை வந்தால் விலகிப்போகிற சமூகத்தில் குரல் தணிந்திருப்பது மரியாதை. அதே கட்டுரையில் இன்னொரு அவதானிப்பும் உண்டு, மொழி ஆய்வுக்கு மிக முக்கியமானது. பளியரிடம் அறிவு என்பது அவரவர் பட்டுணர்ந்தது. ஒரே செடியைக் காட்டினால் இருவர் இருவேறு பெயர் சொல்லக்கூடும். யார் சொல்வது சரி என்று அவர்கள் வாதாடுவதும் இல்லை, ஒரே பட்டியலுக்குள் அடக்குவதும் இல்லை. ஒரு முதியவரை உட்காரவைத்து, ஒலிப்பதிவுக் கருவியை முன்னால் வைத்து, நானூறு சொற்களைக் கேட்டு வாங்கிப் பளியர் அகராதி என்று அச்சிட்டால், அது அந்த முதியவரின் அகராதியாக மட்டுமே இருக்கும். இங்கே பல குரல்கள் வேண்டும்: தேன் எடுப்பவர், கிழங்கு தோண்டும் பெண், காப்பித் தோட்டத்தில் கூலிக்குப் போகும் இளைஞர் என்று.

2000ஆம் ஆண்டு நூலில் கார்ட்னரே வேறு இடத்துக்கு நகர்ந்தார். பளியர் சமவெளி மக்களோடு காலங்காலமாகத் தொடர்பில் இருப்பவர்கள், காட்டுக்குள் ஒருவிதமாகவும் ஊர்க்காரர் முன் வேறுவிதமாகவும் வாழத் தெரிந்த இருபண்பாட்டுக்காரர்கள் என்றார். காட்டில் உறைந்த மொழி என்ற கற்பனைக்கு இதைவிட நேரான மறுப்பு தேவையில்லை. எல்லையில் வாழ்பவர்களின் பேச்சு எப்படி உறைந்து கிடக்கும்?

தமிழ் எழுத்துலகம் இந்த மக்களைக் கவனிக்காமல் இல்லை. விடுமுறை கிடைத்தால் காடேறிய பிலோ இருதயநாத் பல பத்தாண்டுகள் எழுதிக் குவித்தார். பழக்கவழக்கங்கள் அவர் எழுத்தில் பளிச்சென்று வருகின்றன. பேசியவர்களின் வாய்மொழியோ பெரும்பாலும் வழவழப்பான பத்திரிகைத் தமிழாகிவிடுகிறது. ராஜம் கிருஷ்ணனின் குறிஞ்சித்தேன் படகரையும், ச. பாலமுருகனின் சோளகர் தொட்டி சோளகரையும் தமிழ் நாவலுக்குள் கொண்டுவந்தன. பக்தவத்சல பாரதியின் தொகுப்புகள் மாணவர்களுக்கு நல்ல கைவிளக்கு. இவற்றுள் துணிச்சலான அடி ஒடியன் லட்சுமணனுடையது. இருள மொழியிலேயே, தமிழ் எழுத்தில், கவிதை எழுதி அச்சிட்டார் அவர். அந்த வரிகளைப் படிக்கும் தமிழ் வாசகர் ஓரிடத்தில் புரிந்து ஓரிடத்தில் தடுமாறுகிறார்; அந்தத் தடுமாற்றம்தான் இன்னொரு மொழிக்குத் தரும் மதிப்பு. பளியர் பேச்சில் அப்படி ஒரு நூல் வந்து தமிழ் வாசகரை எட்டவில்லை.

அரசின் கணக்கும் இதே பாதையில் போகிறது. பத்தாயிரம் பேருக்குக் குறைவானவர்கள் பேசும் மொழிகளை 1971 முதல் மக்கள்தொகைக் கணக்கு தனித்து வெளியிடுவதில்லை. 2011 கணக்கில் இருளமே தமிழ் என்ற தலைப்பின் கீழ்தான் அடங்குகிறது. 2024 பிப்ரவரியில் தமிழக நிதிநிலை அறிக்கை தோடர், கோத்தர், சோளகர், காணி, நரிக்குறவர் ஆகியோரின் மொழி வளங்களையும் ஒலிவடிவங்களையும் பதிவுசெய்ய 2 கோடி ரூபாய் ஒதுக்கியது. மனமார வரவேற்க வேண்டிய அறிவிப்பு. அந்த ஐந்து பெயர்களில் பளியர் இல்லை.

கிளைவழக்கா தனிமொழியா என்று தீர்ந்த பிறகுதான் வேலை தொடங்க முடியும் என்பவர்கள் மெக்சிகோவைப் பார்க்கலாம். அங்கும் பழங்குடிப் பேச்சுகளை வெறும் கிளைமொழி என்று இளக்காரமாகச் சொல்வது நெடுநாள் வழக்கம். 2003ஆம் ஆண்டுச் சட்டம் அவற்றை ஸ்பானிய மொழிக்கு நிகரான தேசிய மொழிகளாக்கியது. 2008இல் வெளியான அரசுப் பட்டியல் 68 மொழித் தொகுதிகளையும் அவற்றுள் 364 வழக்குகளையும் ஏற்றது. கல்வி, நீதி, மருத்துவம் ஆகியவற்றில் ஒவ்வொரு வழக்கையும் மொழியாகவே நடத்த வேண்டும் என்றது. வகைப்பாட்டு விவாதம் முடியும்வரை யாரும் காத்திருக்கவில்லை.

குவாத்தமாலா இன்னும் ஒரு படி மேலே போனது. 1970களில், உள்நாட்டுப் போர் நடந்த நாட்டில், ஆன்டிகுவா நகரத்து மொழியியல் திட்டமொன்று மாயா மொழிகளைப் பேசும் இளைஞர்களையே மொழியியலாளர்களாகப் பயிற்றியது. டெரன்ஸ் காஃப்மன், நோரா இங்லண்ட் போன்ற அமெரிக்க அறிஞர்கள் அங்கே ஆசிரியர்களாக நின்றார்கள். 1987இல் மாயா மொழிகளுக்குப் பொது எழுத்துமுறை அரசாணையாயிற்று; 1990இல் மாயா மொழிகள் கழகம் அமைந்தது. இன்று அங்கே இலக்கணமும் அகராதியும் எழுதுவோரில் கணிசமானவர்கள் அந்த மொழிகளைத் தாய்மொழியாகக் கொண்டவர்கள். நீலகிரியில் சுள்ளிக்குக் கிடைக்காத இருக்கை அது.

பழனி மலையில் அதற்கு வேண்டிய எல்லாம் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கின்றன.  கொடைக்கானலுக்குப் பக்கத்து அட்டுவம்பட்டியில் 1984இல் நிறுவப்பட்ட அன்னை தெரசா மகளிர் பல்கலைக்கழகம் இருக்கிறது. குன்னுவர் பேச்சு, மலைப்புலையர் பேச்சு, பளியர் பேச்சு மூன்றும் ஒன்றோடொன்று உரசும் மலை இது. பளியர் குடியிருப்புகளிலிருந்து படிப்பு முடித்த பெண்களுக்கு உதவித்தொகை தந்து, இரண்டு ஆண்டு மொழியியலும் ஒலிப்பதிவும் கற்றுக்கொடுத்து, அவர்களின் சொந்தக் குடியிருப்புகளுக்கே ஆய்வாளர்களாக அனுப்புவது பெரிய செலவு பிடிக்கும் காரியமல்ல. உண்டு உறைவிடப் பள்ளிகளில் முதல் இரண்டு வகுப்புக்குப் பாடமாக அவர்கள் எழுதும் கதைகளே போதும்.

பதிவு வேலை அறைக்குள் முடியாது. மலைத்தேனீ, பொந்துத்தேனீ, கொசுத்தேனீ ஒவ்வொன்றுக்கும் தனிக் காலம், தனி இடம், எடுக்கும் முறை தனி. பாறை விளிம்பிலிருந்து கயிற்றில் இறங்கி, புகை காட்டி, அடையை அறுக்கும் வேலையில் மேலே கயிறு பிடிப்பவரும் கீழே தொங்குபவரும் பேசிக்கொள்வதை மேசை முன் உட்கார்ந்து நினைவுகூரச் சொன்னால் வராது. இந்த மலைக் காடுகளில் 2013இல் கொடைக்கானல் வனவிலங்குச் சரணாலயம் அறிவிக்கப்பட்டது. 2006ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டப்படி தேனும் கிழங்கும் எடுக்கும் உரிமை குடியிருப்புதோறும் எழுத்தில் கிடைத்தால்தான் அந்தப் பேச்சு நடக்கும் இடமே மிஞ்சும். மொழித் திட்டத்தை வகுப்பவர்கள் வனத்துறையோடும் உட்கார வேண்டும். அடுத்த நிதிநிலை அறிக்கையில் பளியர் பெயர் சேர்வதோடு, அந்தப் பணத்தில் சம்பளம் பெறும் ஆய்வாளர்களில் முதல் சிலராவது பளியராக இருக்க வேண்டும் என்ற நிபந்தனையும் சேர வேண்டும்.