அநேகாந்தமும் சித்தாந்தக் காட்சியும்

குலசேகரத்திற்கு அணித்தாயுள்ள திருநந்திக்கரையிற் பாறை குடைந்தமைத்த சிவாலயம் ஒன்றுளது. மகாசிவராத்திரியிற் சிவாலய ஓட்டம் ஓடும் அடியார்கள் திருமலை தொடங்கித் திருநட்டாலம் ஈறாக வழிபடும் பன்னிரு தலங்களுள் இதுவும், அருகேயுள்ள திற்பரப்பும் பொன்மனையும் அடங்கும். இக்குடைவரை ஆதியிற் சமணர் உறைவிடமாயிருந்ததென்பது ஆராய்ச்சியாளர் பலர்தங் கொள்கை. சிதறாலிலுள்ள திருச்சாரணத்து மலையிலோ தீர்த்தங்கரர் திருவுருவங்கள் இன்றும் பாறையிற் செதுக்கியபடியே காணப்படுகின்றன. 9ஆம் நூற்றாண்டில் ஆண்ட ஆய் மன்னன் விக்கிரமாதித்த வரகுணன் காலத்து வட்டெழுத்துச் சாசனங்கள் ஈரிடத்தும் உள. மலைச்சாசனம் குணந்தாங்கிக் குரத்திகள் என்னும் சமணத் தவமகள் அளித்த பொன்னணியைக் குறிப்பது. ஓரரசன் ஆட்சியிற் சிவனடியாரும் அருகனடியாரும் ஒருங்கு வாழ்ந்தனர் என்பதற்கு இதனின் வேறு சான்று வேண்டா.

இவ்வரலாற்றைக் காட்டி, இக்காலத்தார் சிலர் ஒரு புதுமை கூறுப. உண்மை ஒன்றன்று, பல. காண்பார் எத்துணையர், உலகும் அத்துணை. சமணர் கண்டதும் மெய், சைவர் கண்டதும் மெய். இதுவே சமணரது அநேகாந்தம், இதுவே சித்தாந்தத்தின் சமரசமும் என்பது அவர் கூற்று. கேட்டற்கு இனிதாயினும் இக்கூற்றிற் சமணமும் இல்லை, சைவமும் இல்லை. காண்பான் கண்டதெல்லாம் மெய்யெனின் அறியாமை என ஒன்று இன்றாம். அஃது இன்றாகவே ஆணவமலம் வாளா சொன்மாத்திரையாய் ஒழியும். தீக்கையும் ஞானாசிரியரும் வேண்டப்படார். ஆதலின் இஃது ஆராயாது விடத்தக்க சிறு பிழையன்று.

முதற்கண் சமணர் கொள்கையை அவர் கருத்துப்படியே வைத்து நோக்கல் முறை. ஒரு பொருட்கு இயல்புகள் எண்ணிறந்தன. ஒரு கூற்று அவற்றுள் ஒன்றனையே பற்றும். ஆகலின் எக்கூற்றும் 'ஒருவகையால்' என்னும் அடையொடு சொல்லப்படல் வேண்டும் என்பர். ஒருவகையால் உண்டு, இல்லை, உண்டும் இல்லையும், சொல்லொணாதது என நான்காகி, உண்டு முதலிய மூன்றும் சொல்லொணாமையொடு கூடிப் பின்னும் மூன்றாக ஏழாவது இது. அத்திநாத்தி எனத் தமிழ்நூல்கள் வழங்குவதும் இதனையே.

இதனை மறுப்பார் பெரும்பாலும், உண்மையும் இன்மையும் ஒளியும் இருளும் போல ஒரு பொருட்கண் ஒருங்கு நில்லா என்பர். பிரமசூத்திரத்து இரண்டாம் அத்தியாயம் இரண்டாம் பாதத்து மறுப்பும் இவ்வழியதே. பரபக்கத்தை ஓதுவிப்பாரும் நிகண்டவாதியை இவ்வொரு நியாயத்தால் வென்றதாகக் கொண்டு அப்பாற் செல்லுதல் வழக்கம். அங்ஙனம் செல்லுதல் போதாது. என்னை? குடம் தன் திரவியம், தன் இடம், தன் காலம், தன் இயல்பு என்பன பற்றி உண்டு. ஆடையின் திரவியம் முதலியன பற்றி இல்லை என்றே சமணர் விடுப்பர். ஒரே வகையால் உண்டும் இல்லையும் என அவர் கூறிற்றிலர். கூறாததனை மறுத்து வென்றோம் என்றல் வாதநெறிக்கு இழுக்காம். அன்றியும், பொய்க்காட்சியும் மெய்யென அவர் ஒப்பியதும் இல்லை. ஒரு கூற்றையே முழுதெனப் பிடிவாதஞ் செய்வதனை நயாபாசம் என விலக்கினர். எனவே 'எல்லாம் மெய்' என்பார்க்குச் சமணர் துணையாகார்.

அற்றேல் மறுப்பு நிற்குமிடம் யாதோவெனின், பகுதிக் காட்சிகள் பல என்பதனை அறிபவன் யாவன் என்னுமிடத்து என்க. பிறவிக்குருடர் யானையைத் தடவிக் கண்ட கதையைச் சமணர் விரும்பிக் கூறுவர். தூண் என்றானும் முறம் என்றானும் உலக்கை என்றானும் குருடரே. ஆயின் கதை சொல்வான் குருடனல்லன், அவன் யானையை முழுதுங் கண்டவன். அதுபோலப் பல நயங்களும் ஒரு முழுக்காட்சியை வேண்டி நிற்கும். சமணரும் இதனை உணர்ந்தே கேவலஞானியைக் கொண்டனர். அவ்வழி உண்மை பலவென்பது வீழ்ந்து, உண்மை ஒன்று, குறைக்காட்சி பல என்பதே எஞ்சும். இதுகாறும் சைவர்க்கும் அவர்க்கும் பெரும்பகை இல்லை. அம்முழுக்காட்சி உயிர்க்கு எங்ஙனம் வந்தது என்னும் வினாவிலேயே இரு நெறியும் பிரியும்.

ஞானாவரணீயம், தரிசனாவரணீயம், மோகனீயம், அந்தராயம் என்னும் நால்வினை தவத்தாற் கழிய, முகில் நீங்கிய ஞாயிறு போல உயிரறிவு தானே முற்றும் விளங்கும் என்பர் அவர். சைவம் உயிரை ஞாயிறெனக் கொள்ளாது கண்ணெனக் கொள்ளும். கண் ஒளியுடையதேனும் புறவொளி கலந்தாலன்றிக் காணாது. இருளிலே இருளாயும் ஒளியிலே ஒளியாயும் நிற்கும். உயிரைச் சதசத்து என்றதும் இதுபற்றியே. காணுங் கண்ணிற்கு உயிர் காட்டியும் கண்டும் நிற்றல்போல, உயிர்க்கு இறைவன் காட்டியும் கண்டும் நிற்பன் என்பது சிவஞானபோதப் பதினோராஞ் சூத்திரத்தாற் பெறப்படும். வினை சடம், தன்னைத்தான் கழியாது. தவஞ் செய்யும் அறிவோ அவ்வினையால் மறைப்புண்டது. மறைப்புண்ட அறிவு தன் மறைப்பினைத் தானே நீக்கும் என்றல், கண்கட்டுண்டான் கட்டவிழ்க்கும் வழியைக் கண்ணாற்கண்டு அவிழ்ப்பன் என்றல்போலாம்.

அருகன் உபதேசிப்பான் அன்றோ எனின், வழி கூறுவானாவதன்றி உயிருள் நின்று உணர்த்துவான் என அவரும் கொண்டிலர். எட்டாஞ் சூத்திரத்துக் கூறும் வேடரிடை வளர்ந்த அரசிளங்குமரனை ஈண்டு நினைக. அவன் தன்னை வேடனெனக் கண்டதும் 'ஒருவகையால் மெய்' என்பாரை யாது செய்வது? அது மறதி, தந்தை வந்து உணர்த்தியபோதே நீங்குவது. இறைவன் குருவாய் எழுந்தருளல் வேண்டும் என்றது இம்முறைமை பற்றியாம்.

காட்சி வேறு, திரிவு வேறு என்பதனைக் குலசேகரத்துச் சுற்றுவட்டாரத்தில் நிகழ்வதொன்றானும் காட்டலாம். ரப்பர்த் தோட்டத்தில் விடியுமுன் பால்வெட்டச் செல்வார் தலையில் விளக்கணிந்து மரந்தோறும் செல்வர். அயலூரான் ஒருவன் தொலைவில் நின்று அவ்வொளி மேலுங் கீழுமாய் அலைதல் கண்டு கொள்ளிவாய்ப் பேய் என அஞ்சுவனாயின், அவன் கண்ட ஒளி மெய், அலைவும் மெய், பேய் மட்டும் பொய். பேய்க்கென ஓருலகு அவன் கண்முன் தோன்றி நின்றதன்று. சித்தியார் அளவையிற் காட்சியை ஐயம் திரிபு நீக்கிக் கூறியதும், வாயில், மானதம், தன்வேதனை, யோகம் என நால்வகையாக வகுத்ததும் காட்சியின் படிகளைக் காட்டவேயன்றி உலகினைப் பலவாக்க அன்று. அந்நான்கினும் அளப்பது ஆன்மாவின் சிற்சத்தி ஒன்றே.

பிராதிபாசிகம், வியாவகாரிகம், பாரமார்த்திகம் என உண்மையையே மூன்றாக்கும் ஏகான்மவாதிகளும் இங்கே சிறிது நோக்கத்தக்கார். கயிற்றரவும் குடமும் பிரமமும் தரத்தால் வேறுபட்ட உண்மைகள் என்பது அவர் கோட்பாடு. சைவரும் உலகை அசத்து என்றலின் இருவரும் ஒன்று கூறினார் என மயங்குவார் உளர். அசத்து என்றது நிலையின்றித் திரிவது என்னும் பொருட்டே, இல்பொருள் என்றதன்று. கயிறும் உண்டு, அரவும் பிறிதோரிடத்து உண்டு. ஒன்றனை மற்றொன்றாகக் கொண்டது உயிரின் குற்றம். குற்றத்தை உயிரிடம் வைத்தது சித்தாந்தம், பொருளிடம் வைத்தது மாயாவாதம் எனச் சுருங்கக் கொள்க.

இனி, எத்தெய்வத்தை வழிபடினும் அத்தெய்வமாய் நின்று அருள்பவன் மாதொருபாகனே எனச் சித்தியார் சுபக்கத்துக் கூறிய செய்யுளே பலவுண்மைவாதத்திற்கு அரணாக எடுத்துக் காட்டப்படுகின்றது. அச்செய்யுள் தெய்வங்கள் இறக்கும், பிறக்கும், வினை செய்யும் எனப் பிரித்து, அவை இலாதான் ஒருவன் அறிந்து பயன் தருவன் எனக் காரணமும் உடன் கூறுதலை அவர் நோக்கிற்றிலர். வழிபடுவார் கருத்துப் பலவாயினும் ஏற்பவன் ஒருவன் என்பதே அதன் துணிபு. சிவாலய ஓட்டத்தார் 'கோவிந்தா கோபாலா' என முழங்கியே சிவன்கோயில் பன்னிரண்டனையும் நாடி ஓடுகின்றனர். முடிவில் திருநட்டாலத்துச் சங்கரநாராயணனைத் தொழுகின்றனர். நாவில் ஒரு நாமம், கால் செல்வது பிறிதொரு சந்நிதி. இதனை ஈருண்மை என்பார் அடியார் வேட்கையை அறியார். சமயங்களைப் புறப்புறம், புறம், அகப்புறம், அகம் எனப் படிமுறை வைத்ததும் ஏறுதற்கே. எல்லாப் படியும் மேன்மாடம் என்றற்கன்று.

பரபக்கம் ஓதுவார் நிகண்டவாதி மறுதலையை அத்திநாத்தியோடு நிறுத்தாது, வினைக்கழிவு கூறும் பகுதியையும் சிவஞானபோதத்து எட்டாம் பதினோராஞ் சூத்திரங்களையும் உடன்வைத்து ஓதுதல் வேண்டும். சமணர் தரப்பினை நீலகேசி முதலிய அவர்தம் நூல்களிலேயே கற்றுப் பின் மறுத்தலும் வேண்டும்.