ஆணையும் முறையீடும்: காவிரிப் படுகையின் ஓதல் மரபு

பூதலூரிலிருந்து வெண்ணாற்றையும் காவிரியையும் தாண்டி வடகிழக்கே போனால் திங்களூர். வாழையிலை அரியப் போன அப்பூதியடிகளின் மகனைப் பாம்பு தீண்டியதும், அப்பர் பதிகம் பாடி அவனை எழுப்பியதும் அந்த ஊரில்தான் என்கிறது பெரியபுராணம். கிழக்கே திருமருகலில், பாம்பு கடித்து இறந்த வணிகனைச் சம்பந்தர் பாடி எழுப்பியதாகவும் அந்நூல் சொல்கிறது. நெல் விளையும் நாட்டில் எலிக்குக் குறைவில்லை, எலியைத் தேடி வரும் பாம்புக்கும் குறைவில்லை. சொல்லால் விஷம் இறக்கும் கதைகள் இங்கே நிலைத்து நின்றதில் வியப்பில்லை.

மந்திரச் சொல்லுக்கு வலிமை எங்கிருந்து வருகிறது? மானிடவியல் இந்தக் கேள்வியை நெடுநாளாகக் கேட்டு வருகிறது. டிரோப்ரியாண்ட் தீவுகளில் கிழங்குத் தோட்டத்துக்கு ஓதப்படும் மந்திரங்களை மாலினோவ்ஸ்கி சொல் சொல்லாக எழுதியெடுத்து 1935இல் நூலாக்கினார். கேரளத்துப் பாஞ்ஞாளில் 1975இல் நடந்த அதிராத்திர வேள்வியைப் படமெடுத்த ஃபிரிட்ஸ் ஸ்டால், மந்திரத்துக்குப் பொருளே கிடையாது, அது பறவைக் கூவல் போன்ற ஒலியொழுங்கு என்று வாதிட்டார். இலங்கைத் தமிழரான ஸ்டான்லி தம்பையா 1968இல் எழுதிய கட்டுரை நமக்கு இன்னும் நெருக்கமானது. சிங்களப் பேயோட்டும் சடங்குகளில் பல மொழிகள் கலந்து வருவதைக் குழப்பமாக அவர் பார்க்கவில்லை. எந்தத் தெய்வத்திடம் எந்த மொழி, எந்தப் பேயிடம் எந்த மொழி என்ற படிநிலை அதில் இருப்பதை எடுத்துக் காட்டினார். அதே 1968இல்தான் உர்சுலா லெ குவினின் முதல் எர்த்ஸீ நாவல் வெளிவந்தது. ஒரு பொருளின் உண்மைப் பெயரை அறிந்தவனுக்கு அந்தப் பொருள் கட்டுப்படும் என்பது அதன் மந்திர விதி.

தமிழ் இலக்கணத்துக்கு இதெல்லாம் புதிதல்ல. நிறைமொழி மாந்தர் ஆணையிட்டுச் சொன்ன மறைமொழி என்று மந்திரத்துக்குச் செய்யுளியலில் வரையறை தருகிறது தொல்காப்பியம். சொல்பவரின் தகுதி, ஆணை, மறைவு ஆகிய மூன்றும் அந்த ஒரே வரையறைக்குள் அடங்கிவிடுகின்றன. பிற்காலப் பாட்டியல் நூல்களோ எழுத்துக்கே உயிர்பறிக்கும் ஆற்றல் உண்டென நம்பின. அவை அமுத எழுத்து, நச்செழுத்து என்று பிரித்தன. பாட்டுடைத் தலைவனின் பெயரையொட்டி முதற்சீரில் நச்செழுத்து வரலாகாது என்று புலவனை எச்சரித்தன. நந்திக் கலம்பகத்தைக் கேட்டு நந்திவர்மன் மாண்டான் என்ற அறம்பாடும் கதையைக் கட்டிவிட்ட கதை என்றே கொள்ளலாம். ஆனால் அந்தக் கதையை நம்பிய சமூகம் தன் பாட்டியல் இலக்கணத்தில் அந்த அச்சத்துக்கும் இடம் கொடுத்தது என்பது வரலாறு.

காவிரிப் படுகையின் தனிச்சிறப்பு பதிகத்தில்தான் இருக்கிறது என்பேன். ஆய்வாளர்கள் இதைப் பக்தி இலக்கியப் பெட்டிக்குள் போட்டு மூடிவிட்டார்கள். மந்திரமாகவும் இதைப் படித்தாக வேண்டும். திங்களூர்ப் பதிகம் ஒன்றில் தொடங்கிப் பத்து வரை பாட்டுக்கு ஓர் எண்ணாக ஏறுகிறது. அதில் கடிபட்ட பிள்ளையைப் பற்றிப் பேச்சே இல்லை. திருமருகல் பதிகம் பாம்பை விரட்டவில்லை, விஷத்தை இறங்கு என்று சொல்லவில்லை. இறந்த வணிகனுடன் வந்த பெண்ணைக் காட்டி, இவளை இப்படி வாட விடுவது உனக்குத் தகுமா என்று இறைவனிடம் வழக்காடுகிறது. இது முறையீடு. கொங்கு நாட்டில் அடியார்களைப் பற்றிய குளிர்சுரம் நீங்கச் சம்பந்தர் பாடிய திருநீலகண்டப் பதிகமோ, வினை எங்களைத் தீண்டாது என்று நீலகண்டத்தின் மேல் ஆணையிடுகிறது. வேதாரண்யத்தில் பாடிய கோளறு பதிகமும் கடைசிப் பாட்டில் ஆணை என்றே முடிகிறது. ஒரே வாயிலிருந்து இரண்டும் வந்தன. இரண்டுமே ஊரறியப் பாடப்பட்டவை. கேட்டவருக்குப் புரிந்த தமிழ். பொருளற்ற ஒலி என்ற ஃபிரிட்ஸ் ஸ்டாலுடைய கொள்கை இங்கே நிற்காது.

மறைமொழி என்ற நிபந்தனையைப் பதிகம் தளர்த்தியது. முதலாம் இராசராசன் தஞ்சைப் பெரிய கோயிலில் திருப்பதியம் பாட 48 பிடாரர்களையும், உடன் வாசிக்க இருவரையும் அமர்த்தி, ஆளுக்கு நாளொன்றுக்கு மூன்று குறுணி நெல் கொடுத்தான். ஓதலுக்கு நெல் அளந்த நாடு இது.

மறைவான ஓதலோ கோயிலுக்கு வெளியே தொடர்ந்தது. தேள்கடிக்குப் பாடம் போடுவது, பயந்த குழந்தைக்குத் திருநீறு மந்திரிப்பது, வேப்பிலை அடிப்பது எல்லாம் டெல்டா கிராமங்களில் பெரியவர்கள் அறிந்தவையே. குருவிடம் வாய்வழியாக வாங்க வேண்டும், கிரகண வேளையில் உருவேற்ற வேண்டும், கூலி கேட்கக் கூடாது, வெளியே சொன்னால் பலிக்காது என்று அதற்குக் கட்டுப்பாடுகள் உண்டு. உதட்டுக்குள் முணுமுணுப்பதால் நோயாளிக்குச் சொல் கேட்பதில்லை. அவர் கேட்பது மூச்சையும் இலையின் சலசலப்பையும்தான்.

நாகூரில் இதே மரபு ஓதிக் கொடுக்கும் தண்ணீராகவும் தாயத்தாகவும் இருக்கிறது. தஞ்சை நாயக்க மன்னரின் நோய்க்குக் காரணம் ஊசி குத்தி வைத்த புறா என்று கண்டு, சாகுல் ஹமீது ஆண்டவர் அந்த ஊசிகளை எடுத்துவிட்டார் என்பது தர்காவின் புகழ்பெற்ற ஐதிகம். செய்வினையை முறிக்கும் அருளுக்குச் சமய எல்லையை ஊர் மக்கள் வைக்கவில்லை.

ஒன்றைத் தயக்கமில்லாமல் சொல்ல வேண்டும். பாம்புக்கடிக்குப் பாடம் மருந்தாகாது. கடிப்பவற்றில் விஷமில்லாத பாம்புகள் ஏராளம். விஷப்பாம்பும் சில சமயம் விஷத்தைச் செலுத்தாமலே கடிக்கும். பிழைத்தவர்களின் பெயரால் பாடத்துக்குப் புகழ் சேர்ந்தது. நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்கின் விஷத்துக்கும் முறிவு மருந்து அரசு மருத்துவமனைகளில் இருக்கிறது. ஓதுவதில் போகும் ஒவ்வொரு நிமிடமும் பிழைக்கும் வாய்ப்பைக் குறைக்கும். ஓதலை மதிப்பவர்களே இதை முதலில் சொல்ல வேண்டும்.

ஓதல் மரபை ஆராய்வதில் நம்மவர் பெரும்பாலும் சுவடியையே படித்திருக்கிறார்கள். சரசுவதி மகாலும், 1981இல் தொடங்கிய தமிழ்ப் பல்கலைக்கழகமும் ஓலைகளைக் காத்துத் தந்தது பெரும் பணி. ஆனால் ஓலையில் மூச்சு இல்லை. எந்த இடத்தில் குரல் தாழ்கிறது, எத்தனை முறை இலை இறங்குகிறது, ஓதி முடித்ததும் ஏன் ஊதுகிறார்கள் என்பதையெல்லாம் ஒலியாகவும் படமாகவும் பதிய வேண்டும். வெளியே சொல்லக் கூடாது என்ற ஓதுபவர்களின் விதியையும் மதிக்க வேண்டும். பதிவை மூடி முத்திரையிட்டு வைக்கலாம். யார் கேட்கலாம், எப்போது கேட்கலாம் என்பதை ஓதியவரே எழுதித் தரட்டும். சீடரில்லாமல் முதுமையடைந்தவர்களிடமிருந்து இந்த வேலையைத் தொடங்க வேண்டும்.